பட்டாம்பாக்கம் தொண்ணூற்றெட்டில் நின்றபோது

அருள்தாஸ் இறந்த செய்தி அவருடைய எண்ணிலிருந்தே எனக்கு வந்தது. காலை பத்தரை மணி இருக்கும். அண்ணாமலை நகரில் நான் வேலை பார்க்கும் நூலகத்தில், புதிதாக வந்த புத்தகங்களுக்கு எண் ஒட்டிக்கொண்டிருந்தேன். கைபேசியில் அவர் பெயரைப் பார்த்ததும், ஷிப்ட் மாறிவிட்டது, இன்றைக்கு ஆட்டம் இல்லை என்று சொல்லத்தான் கூப்பிடுகிறார் என்று நினைத்து எடுத்தேன். பேசியது ஒரு பெண்.

“மச்சான் சிதம்பரம்னு போட்டிருக்கு. அவுருங்களா?”

“நான்தாங்க,” என்றேன்.

“நீங்க பொம்பளையாச்சே,” என்றார்.

அவரே தொடர்ந்தார். “நான் அவுரு வீட்டுக்காரி, ஜெசிந்தா. காலைல நெஞ்சு வலிக்குதுன்னாரு. ஆஸ்பத்திரிக்குப் போறதுக்குள்ள போயிட்டாரு. நாளைக்கு அடக்கம். நீங்க வரணும். ஒங்கள ஒண்ணு கேக்கணும்.”

அருள்தாஸைப் ‘பட்டாம்பாக்கம்’ என்ற பெயரில் மட்டுமே அறிந்த பலர் இதைப் படிப்பீர்கள் என்று தெரிந்தே எழுதுகிறேன். நீங்கள் அவரோடு ஆண்டுக்கணக்கில் ஆடியிருக்கிறீர்கள், முகத்தைப் பார்த்ததில்லை. அவருக்கு முப்பத்துநான்கு வயது. கடலூரில் ஒரு ரசாயனத் தொழிற்சாலையின் ஆய்வகத்தில் மூன்று ஷிப்டிலும் மாறிமாறி வேலை. வீடு மேல்பட்டாம்பாக்கம். நான் நேரில் பார்த்த ஒரே நாளில் ஒல்லியாக, சற்றே கூன் போட்டு நடந்தார். பேசுவதற்கு முன் கண்ணாடியைக் கழற்றிச் சட்டையில் துடைத்தார்.

எங்கள் குழுவில் நான்கு பேர். எல்லோரும் ஊர்ப் பெயரையோ தெருப் பெயரையோதான் வைத்துக்கொண்டோம். பட்டாம்பாக்கம், நெய்வேலி, தூத்துக்குடி; நான், சிதம்பரத்தில் என் தெருவான கீழவீதி. இணையத்தில் சேர்ந்து ஆடும் சண்டை விளையாட்டு அது. அரக்கர்களைக் கொன்றால் அனுபவப் புள்ளி சேரும். புள்ளி சேர்ந்தால் நம் பாத்திரம் ஒரு லெவல் ஏறும். தொண்ணூற்றொன்பதுதான் உச்சி. தொண்ணூறு வரை எல்லோரும் ஏறிவிடுவார்கள். அதற்குப் பிறகு ஒவ்வொரு லெவலும் முந்தையதைவிட நீளும். கடைசி ஒன்றுக்கே ஆறேழு மாதம் பிடிக்கும். நாங்கள் ஆடியது ஒற்றை உயிர் ஆட்டம். ஒருமுறை செத்தால் அந்தப் பாத்திரம் போனதுதான். ஒன்றிலிருந்து மறுபடி தொடங்க வேண்டும்.

இரண்டாயிரத்து ஒன்பதில் பழக்கமானோம். திரையின் ஓரத்துப் பெட்டியில் தட்டச்சு செய்துதான் பேசிக்கொள்வோம். எல்லோரும் எல்லோரையும் மச்சான் என்றோம். நான் பெண் என்று சொல்லவில்லை; யாரும் கேட்கவுமில்லை. நான்கு மாதம் கழித்து என் யூபிஎஸ் பேட்டரி செத்துவிட்டது. தன்னிடம் நல்ல பேட்டரி ஒன்று சும்மா கிடக்கிறது, முகவரி கொடு என்றார். பார்சலில் வரும் என்று நினைத்துக் கதவு எண்ணைக் கொடுத்தேன். அந்த ஞாயிற்றுக்கிழமை அவரே பேட்டரியைச் சுமந்துகொண்டு கீழவீதிக்கு வந்துவிட்டார்.

வாசலில் அப்பா நின்றிருந்தார். கோயிலிலிருந்து அப்போதுதான் வந்தவர். “யாருப்பா வேணும்?” என்றார்.

“மச்சானப் பாக்கணுங்க. கம்ப்யூட்டர் வச்சிருக்காரே.”

“இந்த வீட்ல கம்ப்யூட்டர் வச்சிருக்கறது எம் பொண்ணு ஒருத்திதான்.”

நான் உள்ளிருந்து கேட்டுக்கொண்டிருந்தேன். வெளியே வராமலே இருந்துவிடலாமா என்று ஒரு கணம் தோன்றியது. வந்தேன். அருள்தாஸ் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார், மறுபடி போட்டுப் பார்த்தார், பேட்டரியைத் தரையில் வைத்தார். “மேடம், இது பன்னண்டு நிமிஷம் தாங்கும்,” என்று சொல்லிவிட்டு, அப்பா கொடுத்த காபியை நின்றபடியே குடித்துவிட்டுப் போனார். மறுநாள் ஆட்டத்திலும் மேடம் என்றே தட்டச்சு செய்தார். “மேடம்னு சொன்னா நான் ஆட வரமாட்டேன்,” என்றேன். பதில் வந்தது: “சரி மச்சான். கெளம்பு.”

அவர் திட்டமிடும் முறையைச் சொல்ல வேண்டும். தொண்ணூற்றைத் தாண்டியவர்கள் எல்லோரும் கடைசி நிலவறைக்குத்தான் ஓடுவார்கள். அங்கே இருக்கும் அரக்கன் ஒருவனைக் கொன்றாலே நிறையப் புள்ளி. அருள்தாஸ் போகமாட்டார். இரண்டு வாரம் கடிகாரம் வைத்து அளந்தார். நிலவறை ஒரு சுற்றுக்கு இருபத்தைந்து நிமிடம் எடுத்தது, உயிருக்கும் உத்தரவாதமில்லை. யாரும் மதிக்காத ஒரு பாழடைந்த கோட்டையில் எட்டே நிமிடத்தில் ஒரு சுற்று முடிந்தது. ஒரு சுற்றின் புள்ளி குறைவு. ஒரு மணி நேரத்தின் புள்ளி அதிகம். “ஜாஸ்தி கெடைக்கிற எடம் வேற, சீக்கிரம் கெடைக்கிற எடம் வேற மச்சான்,” என்பார்.

அதன்மேல் மின்வெட்டு. சிதம்பரத்தில் ஒரு நேரம், பட்டாம்பாக்கத்தில் ஒரு நேரம், மாதாமாதம் மாறும். ஆட்டத்தின் நடுவே கரண்ட் போனால் நம் பாத்திரம் அரக்கர்களுக்கு நடுவில் அசையாமல் நிற்கும்; அது சாக அரை நிமிடம் போதும். எனவே இரண்டு ஊரின் வெட்டு நேரத்தையும், தன் ஷிப்டையும், என் வேலை நேரத்தையும் ஒரு நீள நோட்டில் கட்டம் போட்டு எழுதி, எல்லோருக்கும் வெளிச்சம் இருக்கும் நேரத்தைக் கண்டுபிடிப்பார். வெட்டுக்குப் பத்து நிமிடம் இருக்கும்போது புதிய சுற்று தொடங்கக் கூடாது. அதை அவர் ஒருநாளும் மீறியதில்லை.

ஆனால் கரண்ட் நேரத்துக்குப் போகும் என்று என்ன நிச்சயம்? அவர் தொண்ணூற்றேழில் இருந்தபோது ஒருநாள் காலை, கோட்டையின் உள்முற்றத்தில் இருந்தோம். அவர் கோடரியோடு முன்னால். அவருக்கு அடிபட அடிபடக் காயத்தை ஆற்றிக்கொண்டிருப்பது என் வேலை. நாற்பது நிமிடம் முன்கூட்டியே எங்கள் தெருவில் கரண்ட் போயிற்று. யூபிஎஸ் கைவிட்டது. இருண்ட திரையில் என் முகம்தான் தெரிந்தது. அவர் கைபேசிக்கு அடித்தேன். எடுக்கவில்லை. மறுபடி அடித்தேன். ஒன்றரை ஆண்டு உழைப்பு என் கையில் செத்துவிட்டது என்று முடிவுகட்டி, எழுந்து நின்று, உட்கார்ந்து, மறுபடி எழுந்தேன். அம்மா வந்து யாருக்கு என்ன ஆயிற்று என்று பயந்துபோய்க் கேட்டாள். அரைமணி கழித்துக் குறுஞ்செய்தி வந்தது: “உசுரோட இருக்கேன்.”

மாலையில் பேசியபோது காரணம் தெரிந்தது. ஒவ்வொரு சுற்றிலும், நான் பக்கத்தில் இல்லாவிட்டாலும் தப்பிக்கக்கூடிய தூரத்துக்குள்தான் அவர் நின்று சண்டை போட்டிருக்கிறார். அத்தனை மாதமும். எனக்குச் சுருக்கென்றது. “அப்ப என்ன நம்பவே இல்லையா?” என்று கேட்டேன்.

“ஒன்ன நம்பாமயா கூட வரேன்? கரண்டத்தான் நம்பல,” என்றார். “நான் செத்திருந்தா நீ இந்நேரம் ஆட்டத்தையே வுட்டுட்டுப் போயிருப்ப. அதுக்கும் சேத்துத்தான் கணக்குப் போட்டேன்.”

அந்த ஆண்டுக் கடைசியில் புயல் அடித்தது. கடலூர்ப் பக்கம் மரமும் கம்பமும் சாய்ந்து கிடந்தன. வாரக்கணக்கில் கரண்ட் இல்லை. ஐந்து நாள் அவரிடமிருந்து ஒரு செய்தியும் இல்லை. ஆறாம் நாள், யாரோ கார் பேட்டரியில் கைபேசிக்குச் சார்ஜ் போட்டுக் கொடுத்தார்களாம், இப்படி எழுதியிருந்தார்: “மேல் ஷீட் பறந்துடுச்சி. நாங்க எல்லாரும் நல்லா இருக்கோம். தொண்ணூத்தெட்டுக்கு இன்னும் நானூத்திப்பத்து ரவுண்டு.”

அடக்கத்துக்கு அப்பாவும் என்னோடு வந்தார். கல்லறையிலிருந்து திரும்பியதும் ஜெசிந்தாவின் அண்ணன் என்னருகே வந்தார். “நீங்க எந்த வகைல சொந்தம்?”

“கூட வெளையாடறவ,” என்றேன்.

“என்ன வெளையாட்டு?”

நான் பதில் சொல்வதற்குள் ஜெசிந்தா வாசலுக்கு வந்து, “உள்ள வாங்க,” என்று என்னைக் கூப்பிட்டுப் போனார். சின்ன அறை. கணினி மேசைமேல் துணி போர்த்தியிருந்தது. கட்டிலில் உட்காரச் சொல்லி, அந்த நீள நோட்டை என் மடியில் பிரித்து வைத்தார். பக்கம் பக்கமாக அவர் கையெழுத்து. ‘கீ.வீ. 10 – 12’. ‘கீ.வீ. இல்லை’. ‘கீ.வீ. ஞாயிறு முழுக்க’. 

“மூணு வருஷமா எழுதியிருக்காரு,” என்றார் ஜெசிந்தா. குரல் உயரவில்லை. “நேத்து ராத்திரிதான் பாத்தேன். யாரு இந்த கீ.வீ.ன்னு எனக்குத் தெரிஞ்சாவணும். பொய் சொல்லாதீங்க.”

“கீழவீதி. நான்தான்.”

“இந்த நேரத்துல எல்லாம் எங்க பாத்துக்குவீங்க?”

“இங்கதான்,” என்று கணினியைக் காட்டினேன். “நேர்ல ஒரே ஒரு தடவதான் பாத்திருக்கேன். எங்கப்பா கூட இருந்தாரு. கம்ப்யூட்டரப் போடுங்க, காட்டறேன்.”

“கரண்ட் மூணு மணிக்குத்தான் வரும்,” என்றார்.

அப்போது இரண்டேகால். நாங்கள் இருவரும் அந்த அறையில் உட்கார்ந்திருந்தோம். வெளியே நாற்காலிகளை மடக்கும் சத்தம். ஜெசிந்தாவின் அண்ணன் இரண்டு முறை வந்து கதவருகே நின்றுவிட்டுப் போனார். நான் நோட்டின் கட்டங்களை விளக்கத் தொடங்கினேன். “வந்தப்பறம் சொல்லுங்க,” என்று நிறுத்திவிட்டார். அந்த முக்கால் மணி நேரத்தைப்போல் நீண்ட நேரத்தை நான் கண்டதில்லை.

விசிறி சுழலத் தொடங்கியதும் கணினியைப் போட்டேன். கடவுச்சொல் நோட்டின் பின்னட்டையில் இருந்தது. கோடரியோடு அவருடைய பாத்திரம் ஆட்டத்து ஊரின் வாசலில் நின்றது, பக்கத்தில் 98. ஓரத்துப் பெட்டியில் ஏற்கெனவே செய்திகள் காத்திருந்தன. நெய்வேலி எழுதியிருந்தார்: “மச்சான் ரெண்டு நாளா எங்க போன?” தூத்துக்குடி: “கீழவீதி மச்சானயும் காணோம். ரெண்டு பேரும் கரண்ட் இல்லாம கெடக்கீங்களா?” நாங்கள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே இன்னொரு வரி வந்தது: “பட்டாம்பாக்கம் வந்துட்டான். மச்சான், இன்னிக்கு எத்தன ரவுண்டு?”

ஜெசிந்தா திரையருகே குனிந்து ஒவ்வொரு வரியாகப் படித்தார். திரும்பப் படித்தார். பிறகு சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டார். தலைப்பை எடுத்துவிட்டு, “அவுங்களுக்குச் சொல்லுங்க,” என்றார்.

தட்டச்சு செய்தேன். அன்று அந்தப் பக்கம் இருந்த உங்கள் இருவருக்கும் அது எப்படிப் போய்ச் சேர்ந்தது என்பதை நான் இன்றுவரை கேட்கவில்லை.

நான் விடைபெற எழுந்தபோது ஜெசிந்தா கேட்டார். “இன்னும் எத்தன பாக்கி?”

நோட்டில் கடைசியாக எழுதியிருந்தது: அறுபத்தொரு சுற்று.

“முடிச்சா என்ன ஆவும்?”

“ஒண்ணும் ஆவாதுங்க. அதுக்கு மேல கெடையாது.”

“நீங்க முடிச்சுக் குடுங்க.”

வேண்டாம் என்றேன். என் கையில் செத்துப்போனால் என்ன செய்வது என்றேன். “அவுரு இதுக்காக எங்கூட எத்தன சண்ட போட்டிருக்காரு தெரியுமா? பாதில வுடாதீங்க,” என்றார்.

அடுத்த மாதத்து ஞாயிற்றுக்கிழமைகளில் பட்டாம்பாக்கத்துக்குப் போனேன். என் பாத்திரத்தை நெய்வேலியிடம் ஒப்படைத்துவிட்டு, அருள்தாஸின் நாற்காலியில் உட்கார்ந்து அவருடைய பாத்திரத்தை ஆடினேன். அங்கே பன்னிரண்டு மணிக்கு வெட்டு. ஒன்பதுக்குத் தொடங்குவோம். ஜெசிந்தா பக்கத்தில் நோட்டோடு உட்கார்ந்து, ஒவ்வொரு சுற்றுக்கும் ஒரு கோடு போடுவார். இரண்டாம் வாரத்தில் ஒரு முறை உயிர் கடைசிச் சொட்டுக்கு இறங்கியது; நெய்வேலி ஆற்றியிராவிட்டால் போயிருக்கும். “எந்திரிச்சிப் போய் மொகம் கழுவிட்டு வாங்க,” என்றார் ஜெசிந்தா.

மூன்றாம் ஞாயிறு இரண்டே சுற்று மிச்சம். மணி பதினொன்று ஐம்பது. எட்டு நிமிடம்தான், ஒன்றையாவது முடித்துவிடலாம் என்று கோட்டை வாசலுக்குப் போய்விட்டேன். ஜெசிந்தா என் கையைப் பிடித்தார். “பத்து நிமிஷம்னு எழுதியிருக்காரு. எடுங்க கைய.” எடுத்தேன். பதினொன்று ஐம்பத்துமூன்றுக்குக் கரண்ட் போயிற்று.

நான்காம் ஞாயிறு காலை ஒன்பதே காலுக்கு எண் மாறியது. பாத்திரத்தைச் சுற்றிச் சிறிது ஒளி வந்து அடங்கியது. “அவ்ளோதானா?” என்றார் ஜெசிந்தா. “அவ்ளோதாங்க,” என்றேன். பாத்திரத்தை ஊருக்குள் கொண்டுவந்து நிறுத்திக் கணினியை அணைத்தேன். நோட்டை அவர் வைத்துக்கொண்டார்.

என்னிடம் இருப்பது வேறு. நூலக வேலைக்கான தேர்வுக்கு நான் படித்தபோது, எந்தப் பாடத்திலிருந்து தொடங்குவது என்று அருள்தாஸிடம் கேட்டேன். “படிக்கறது அப்பறம். எங்கெங்க சாவன்னு மொதல்ல ஒரு தாள்ல எழுது. அந்த எடத்துக்கு வழி பாத்துட்டு மத்தத ஆரம்பி,” என்றார். அன்றிலிருந்து எந்தப் பெரிய காரியத்துக்கும் முன்னால் அந்தத் தாளை எழுதுகிறேன். இந்த அஞ்சலியை எழுத உட்கார்ந்தபோதும், தடுமாறப்போகும் இடங்களை வரிசையாக எழுதி வைத்துக்கொண்டுதான் தொடங்கினேன். மொத்தம் ஆறு இடம். ஆறிலும் விழுந்தேன். தாள் மட்டும் மேசைமேல் இருக்கிறது.