அக்கார்டியனில் ஒட்டிய சதுரம்

அந்தக் கல்யாணத்துக்கு வந்திருந்தவர்கள்: எங்கள் மேல்வீட்டுப் பாடகி, அக்கார்டியனோடு அவருடைய கணவர், ஒலிபெருக்கிகளைப் பார்த்துக்கொள்ள நான், மண்டபம் நிறையச் சேர்பியர்கள். வராதவர் பாடகியின் தாய். அவர் சேர்பியாவில், ஆற்றங்கரை ஊரொன்றில், ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்தார். அவரை உயிரோடு பார்த்துவிட விமானக் காசு வேண்டும். அதற்காகத்தான் பாடகி அன்று பாட வந்தார்.

மொன்றியலின் பார்க் எக்ஸ்டென்ஷனில் அவர்கள் எங்களுக்கு நேர் மேலே. எங்கள் வீட்டில் பள்ளிக்கூடத்தை முடித்தவன் நான் ஒருவன்தான். அவர்களுடைய உடைந்த பிரெஞ்சை அம்மாவுக்குத் தமிழாக்குவதும் நான்தான். பாடகி ஒருமுறை தன் பழைய கசெற்றைக் காட்டினார். அட்டையில் பூவேலைச் சட்டை போட்ட இளம்பெண். ஊரில் ஆற்றோரச் சாப்பாட்டுக்கடைகளில் நாட்டுப்பாட்டுப் பாடிப் பெயர் எடுத்தவர். சண்டைக்காலத்தில் கச்சேரிக்கென்று மொன்றியல் வந்தார், திரும்பவில்லை. கிழமை நாட்களில் அலுவலகங்கள் துடைத்தார், சனிக்கிழமைகளில் பாடினார். பிறகு அந்தச் சனிக்கிழமைகளும் குறைந்துபோயின.

அவர்கள் வழக்கத்தில், பேசிய கூலி செலவுக்கே சரி. பாடகிக்கு உரியது பாட்டின் நடுவில் வரும். மனம் உருகியவர் எழுந்து வந்து நோட்டை அவர் நெற்றியில் ஒட்டுவார், இல்லாவிட்டால் அக்கார்டியன் மடிப்பில் செருகுவார்.

"நெத்தியிலயோ? வேர்வைக்கு ஒட்டுமோ?" என்று அம்மா கேட்டார்.

"ஒட்டாட்டி நான் நல்லாப் பாடேல்லை எண்டு அர்த்தம்," என்றார் பாடகி. அம்மா விழுந்து விழுந்து சிரித்தார்.

அன்று அவர் நன்றாகவே பாடினார். குரல் இரண்டு இடத்தில் உடைந்தது. உடைந்த இடத்தில்தான் ஆட்கள் அழுதார்கள். கைகள் உயர்ந்தன. எல்லாக் கையிலும் போன். அழுதுகொண்டே படம் எடுத்தார்கள். ஒரு பெரியவர் சட்டைப்பையைத் தடவிவிட்டு வெறுங்கையை விரித்துக் காட்டினார். இப்போது யார் தாள்காசு கொண்டு திரிகிறார்கள்?

இடைவேளையில் கணவர் கறுப்புவெள்ளைச் சதுரம் அச்சடித்த காகிதமொன்றை அக்கார்டியனின் முகப்பில் ஒட்டினார். அதற்கு நேரே போனைக் காட்டினால் காசு கணவரின் கணக்குக்கு வரும்.

"அவவிட்டைக் கேட்டனீங்களோ?" என்றேன்.

"பேந்து சொல்லுவம் தம்பி. முதல்லை காசு வரட்டும்."

காசு வந்தது. ஆட்கள் அக்கார்டியன் முன்னால் குனிந்து குனிந்து போனார்கள். தன் கணவரின் விரல்களைப் படம் பிடிக்கிறார்கள் என்று நினைத்துப் பாடகி சிரித்தபடி பாடினார். அப்போது ஒரு பெடியன் கத்தினான்: "அன்ரி, கொஞ்சம் தள்ளி நில்லுங்கோ, உங்கட நிழல் விழுது!"

பாடகி திரும்பி அந்தச் சதுரத்தைப் பார்த்தார். வரி பாதியில் நின்றது.

"நான் என்ன, கடைச் சாமானோ?" ஒலிவாங்கி வாயருகில் இருந்ததால் மண்டபம் முழுக்கக் கேட்டது.

"அம்மாவைப் பாக்கப் போகவேண்டாமோ?" என்றார் கணவர் மெல்ல.

"இந்தக் காசிலை போய் அவவின்ர முகத்தை எப்பிடிப் பாக்கிறது?"

பாடகி அந்தக் காகிதத்தைக் கிழித்தார். வீடு திரும்பும் வழியில், என் வான் வண்டியின் பின் சீற்றில், கோட்டைக்கூடக் கழற்றாமல் உட்கார்ந்து, வந்த காசையெல்லாம் ஒவ்வொருவருக்காகத் திருப்பி அனுப்பச் சொன்னார். கணவர் மூக்கை உறிஞ்சிக்கொண்டே அனுப்பினார். நான் றோட்டையே பார்த்து ஓட்டினேன்.

அதன் பிறகு மேலே யாரும் பாடிக் கேட்கவில்லை. அடுத்த கிழமை அக்கார்டியனை நகரின் மேற்கே நோத்ர-டாம்-த-கிரேசில் ஒரு வீட்டுக்கு நானே தூக்கிக்கொண்டு போய்க் கொடுத்தேன். வாங்கியவருக்கு வாசிக்கத் தெரியாது. சுவரில் மாட்டப்போவதாகச் சொன்னார்.

பாடகி போய் இறங்கியபோது தாயின் கட்டிலுக்கு, அடுத்த நோயாளிக்காக, விரிப்பு மாற்றிவிட்டார்கள். பாடகி திரும்பி வரவில்லை. அக்கார்டியன் விற்ற காசு ஒரு விமான ரிக்கெற்றுக்குத்தான் போதுமாக இருந்தது, அதுவும் போவதற்கு மட்டும்: ஆயிரத்து நூற்று எண்பது டொலர்.