மூன்று வாசிப்பும் ஒரு குழாயும்

“சீமையில சபை எப்படி நடக்குதுன்னு படிச்சி இன்னா ஆவப்போவுது? குழாயில தண்ணி வந்துடுமா?”

எங்கள் லைன் மேஸ்திரி இப்படிக் கேட்டபோது எனக்கு முகம் சுண்டிவிட்டது. கோலார் தங்கவயலின் சாம்பியன் ரீப்ஸில் சுரங்க வேலைக்காரர்களின் குடிசை வரிசையைத்தான் லைன் என்போம். எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான். ஆனாலும் அவருக்குச் சரியான பதிலைச் செய்து காட்டியது, கையெழுத்துப் போடத் தெரியாத என் அண்ணிதான்.

அப்போது அண்ணிக்கு ஏழாம் மாதம். ஒரே குழாய் மேட்டில், மேல் லைனில் இருந்தது. நாங்கள் இருந்த கீழ் லைன் பெண்கள் குடத்தோடு ஏறி இறங்கவேண்டும். அப்படிச் சுமந்துதான் முதல் பிள்ளை தங்காமல் போயிற்று என்று அண்ணி நம்பினார். அந்தக் குழாய் அங்கே போனதற்கும் காரணம் உண்டு. குழாய் கேட்டு முன்பு கொடுத்த மனுவில் எல்லாப் பெண்களும் கைநாட்டு வைத்திருந்தார்கள். ‘மேஸ்திரி வீட்டருகே’ என்று அதில் எழுதியிருந்ததை ஒருவரும் படித்துக் காட்டவில்லை.

ஒருநாள் அண்ணி மாவாட்ட, பக்கத்தில் உட்கார்ந்து என் பாடத்தைப் படித்தேன். சீமைப் பார்லிமெண்டில் ஜனங்கள் தேர்ந்தெடுத்தவர்களுக்கு ஒரு சபை, பிரபுக்களுக்கு ஒரு சபை. மந்திரிகள் அங்கே கேள்விகளுக்குப் பதில் சொல்லவேண்டும். எந்த மசோதாவையும் ஒவ்வொரு சபையிலும் மூன்று முறை வாசிப்பார்கள். முதலில் இன்னதென்று தெரிவிப்பது, அடுத்து விவாதித்துத் திருத்துவது, கடைசியில் முடிவு. இரண்டு சபையும் ஒப்பி, ராஜாவும் சம்மதித்தால்தான் சட்டம்.

அண்ணியின் கை நின்றது. “அவ்ளோ படிச்சவங்களே மூணு தபா கேட்டுக்கினுதான் சரிங்கறாங்களா? நாம ஒரு தபாகூட கேக்காம கட்டைவிரலை நீட்டினோமே!”

கீழே ஒரு குழாய் வேண்டுமென்று நான் புது மனு எழுதினேன். கீழ் லைனில் மூன்று நாள் வாசித்தோம். போதும் என்று நினைத்தேன். அண்ணி விடவில்லை. “ரெண்டு சபைன்னு நீதானே சொன்னே? மேல போய்ப் படி.”

மேல் லைனில் இரண்டாம் வாசிப்பன்று ஒரு பெண் எழுந்தாள். “இரு, இரு. ‘குழாயை இடம் மாத்தி’ன்னு படிச்சியே, எங்க குழாயைப் புடுங்கிக்கினு போவவா? நல்லா படிச்சேம்மா நீ!” எல்லாரும் சிரித்தார்கள். பிழை என்னுடையது. அவர்கள் எழுதவே தெரியாதவர்கள் என்ற எண்ணத்தில் நான் வாதாடத் தொடங்கினேன்.

அண்ணி என்னைப் பார்த்தார். “படிச்சவ எழுதினாலும் தப்பு தப்புதான், பாப்பா. மாத்து.”

‘இன்னொரு குழாய்’ என்று மாற்றினேன். மூன்றாம் வாசிப்பில் இரண்டு லைன் பெண்களும் கைநாட்டு வைத்தார்கள். மேஸ்திரியின் கைக்குப் போகாமல், நாங்களே பங்களாவில் சுரங்கக் கம்பெனித் துரையிடம் கொடுத்தோம். தண்ணீர் இருக்கிறவர்களும் ஏன் கேட்கிறார்கள் என்று அவர் வியந்து விசாரித்தாராம். அண்ணிக்கு வலி எடுப்பதற்குப் பத்து நாள் முன்பு கீழே தண்ணீர் வந்தது. பெண் குழந்தை, நன்றாக இருக்கிறாள்.

நான் சபையைப் பாடமாகப் படித்தேன். அது எதற்காக இருக்கிறதென்று அண்ணிதான் கண்டுகொண்டார்.

நம் சமஸ்தானத்திலும் தசராவின்போது மைசூரில் பிரதிநிதி சபை கூடுகிறது. குறைகளைச் சொல்லலாம், சட்டம் செய்யும் அதிகாரம் அதற்கில்லை. பெண்களும் அங்கே நின்று தங்கள் குறையைத் தாங்களே சொல்ல இடம் வேண்டும் என்று ஒரு மனு எழுதினேன். இரண்டு லைனிலும் மும்மூன்று முறை வாசித்து, ஏழு இடத்தில் திருத்தினார்கள். நேற்றுக் காலை கோலாருக்குப் போய், மைசூர் புறப்படவிருந்த பிரதிநிதியின் கையில் அதை நானே கொடுத்துவிட்டு வந்தேன்.