திரையில் வந்த சாமிக்கு விதி இல்லை

கேட்ட கேள்வியை அதே சாமியிடம் இரண்டாம் முறை கேட்கக் கூடாது. ரங்கூன் தாமுவேயில் எங்கள் கோயிலுக்கு உள்ள விதிகளில் இது ஆறாவது. துறைமுக அலுவலகத்திலிருந்து ஓய்வு பெற்ற கையோடு நானே எழுதிக் கொடுத்தது. சாமி சினிமாவில் வந்தால் என்ன செய்வது என்று எழுத அப்போது தோன்றவில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை கோயில் மண்டபத்தில் ஒரு மலையாளப் படம் போட்டோம். தமிழ்ப் படம் போட்டால் சண்டைக் காட்சியில் பிள்ளைகள் நாற்காலியை உடைக்கிறார்கள் என்பது கோயில் தலைவரின் கவலை. மலையாளப் படத்தில் மழை பெய்யும், ஆட்கள் கட்டன் சாயா குடிப்பார்கள், நாற்காலிக்கு ஆபத்தில்லை. பாதிப் படத்தில் தெய்யம் வந்தது. வட கேரளத்தில் அந்த வேடம் கட்டியவர், முடி என்கிற பெரிய கிரீடத்தைக் கழற்றும்வரை தெய்வமேதான். ஊரார் குறையைச் சொல்வார்கள், அவர் கையைப் பிடித்து வாக்குச் சொல்வார். தீமிதியில் சாமியாடிகளைப் பார்த்துப் பழகிய எங்கள் கூட்டத்துக்கு இதை யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை. கால்மேல் கால் போட்டிருந்தவர்கள் காலை இறக்கினார்கள்.

இட்லிக் கடைக்கார அம்மா எழுந்து போய்த் திரைக்கு முன்னால் கற்பூரம் ஏற்றினார். மகனுக்கு இன்சீனில் பெண் கேட்டுவிட்டு, பதில் வராமல் தவித்துக்கொண்டிருந்தவர்.

"பொண்ணு தருவாங்களா சாமி?"

தெய்யம் நேராக அவரைப் பார்த்து வாயைத் திறந்தது. கரண்ட் போய்விட்டது.

"யாரும் நகராதீங்க. சாமி சொல்லிக்கிட்டிருக்கு," என்றார் அந்த அம்மா இருட்டில்.

ஒரு வழியாக "மீ லா பி" என்று தெருவே பர்மிய மொழியில் கத்தியது, கரண்ட் வந்துவிட்டது. அந்த அம்மா படத்தைப் பின்னால் ஓட்டச் சொன்னார். தலைவர் மறுத்தார்.

"ஆறாவது விதி இருக்கும்மா. திரும்பக் கேக்கக் கூடாது."

"நான் எங்க திரும்பக் கேட்டேன்? அதுதான் திரும்பச் சொல்லணும்." என் பக்கம் திரும்பினார். "எழுதினது நீங்கதானே அண்ணே. சொல்லுங்க."

முதல் விசாரணையே முடியவில்லை, ஆகவே விட்ட இடத்திலிருந்து தொடரலாம், பின்னால் ஓட்டுவதற்கு இடமில்லை என்றேன். இரண்டு தரப்பும் என்னை முறைத்தன. தீர்ப்பு சரிதான் என்று தெரிந்தது.

விட்ட இடம் எது என்று படம் போட்டவருக்குத் தெரியவில்லை. குத்துமதிப்பாக ஓட்டினார். திரையில் அதே ஆள், முடியைக் கழற்றி வைத்துவிட்டு, முகத்துச் சாயத்தைத் துடைத்தபடி பீடி பற்றவைத்தார்.

"சாமி மலையேறிடுச்சு," என்றார் தலைவர், திருப்தியாக.

"ஏறட்டும். பீடி முடிஞ்சதும் எறங்கி வரும்ல."

படம் முடிந்து எழுத்தெல்லாம் ஓடி மறையும்வரை அந்த அம்மா கற்பூரத் தட்டோடு உட்கார்ந்திருந்தார். சாமி வரவில்லை.

செய்தி மட்டும் ஊரைச் சுற்றும் வட்ட ரயிலேறி இன்சீனுக்குப் போய்விட்டது. வரப்போகும் மாமியார் கெடுபிடிக்காரியோ என்ற பயத்தில்தான் அந்தப் பெண் இத்தனை நாள் வாய் திறக்கவில்லையாம். கதையைக் கேட்டு வயிறு வலிக்கச் சிரித்துவிட்டு, "இந்த அத்தை வீட்ல பொழுது போயிரும்" என்றாளாம். சம்மதம் என்று அவள் அப்பா நேரில் வந்து சொன்னது பங்குனி உத்திரத்துக்கு மறுநாள்.