வீட்டுப்பூனை என்றொரு கடற்பெயர்

யாழ்ப்பாணத்திலிருந்து பருத்தித்துறைக்கு முப்பத்து நான்கு கிலோமீற்றர். பேருந்துக் கட்டணம் நூற்றறுபது ரூபாய். மதியம் ஒன்றேகாலுக்கு ஏறியவள் வல்லை வெளி தாண்டும்வரை நின்றேன். எனக்கு இருக்கை கிடைத்தபோது நெல்லியடி வந்துவிட்டது. சொல் பொறுக்குவது என் பைத்தியம். எங்கள் இணுவில் தோட்டக்காரரிடம் ஒரு கொப்பி நிறையப் பொறுக்கியாயிற்று. இம்முறை கடற்காரரின் பட்டப்பெயர்களுக்காகப் புறப்பட்டிருந்தேன்.

பிற்பகல் 3.00. தங்க இடம் தந்தவர் என் தோழியின் தங்கை கலா. அவருடைய கணவர் நகுலன் இரண்டு கூட்டாளிகளோடு கரையில் படகுக்கு வலை ஏற்றிக்கொண்டிருந்தார். "கச்சான் எழும்புது," என்றார் ஒருவர். எங்களூரில் கச்சான் என்றால் வறுத்துக் கொறிக்கும் நிலக்கடலை. இங்கே அது கடலைக் குழப்பும் மேல்காற்று, அதைச் சொல்லும்போது யாரும் சிரிப்பதில்லை.

கடலில் ஒருவரையும் சொந்தப் பெயரால் கூப்பிடமாட்டார்களாம். அந்தப் பட்டப்பெயரைக் கரையில் வீட்டார் காதில் போடுவதும் இல்லையாம். கூட்டாளிகளில், சொந்தமாக ஒரு துண்டுக் கயிறுகூட இல்லாதவருக்கு, படகு முதலாளி என்று பொருள்படும் 'சம்மாட்டி' என்று பெயர். வாய் ஓயாதவர் 'கோயில்மணி'. நகுலனுடைய பெயர் 'வீட்டுப்பூனை'.

"வலை போட முதலே வீட்டை போற கதைதான். மனிசி என்ன சமைச்சிருப்பா எண்டு நடுக்கடலிலை நிண்டு கேக்கிற ஆள்," என்றார் சம்மாட்டி.

நகுலன் வெட்கத்தோடு தலையைச் சொறிந்தார். "எழுதுங்கோ அக்கா. ஆனா எங்கடை வீட்டிலை மட்டும் சொல்லிப்போடாதேயுங்கோ."

சத்தியமாய்ச் சொல்லமாட்டேன் என்றேன். அன்று மாலை கலா புட்டு அவித்தபடி, "எங்கடை ஆளுக்கு என்ன பேராம்?" என்று கேட்டபோது, தெரியாது என்று பொய்யும் சொன்னேன். கலா கணவரைக் கூப்பிடுவது 'இஞ்சாருங்கோ' என்றுதான். பெயர் சொல்லி அழைத்ததே இல்லை.

மறுநாள் காலை 6.30. இரவு கடலுக்குப் போன படகுகள் வரவேண்டிய நேரம் கடந்துவிட்டது. கடல் கறுத்து, அலை தடுப்புச் சுவரில் ஏறி அடித்தது. கலா மீனவர் சங்கக் கட்டடத்து வாசலில் போய் நின்றார்; நானும் போனேன். உள்ளே வயர்லெஸ் பெட்டிக்கு முன்னால் எழுதுவினைஞர் சிவகுமார் இருந்தார். கரவெட்டிக்காரர், வேலைக்கு வந்து ஒரு மாதம். அவருடைய பதிவுப் புத்தகத்தில் இருப்பவை அடையாள அட்டைப் பெயர்கள் மட்டுமே.

7.40. பெட்டி கரகரத்தது. "எஞ்சின் நிண்ட படகை இழுத்துக்கொண்டு வாறம். கயிறு அறுந்து அடிச்சு வீட்டுப்பூனை தண்ணிக்குள்ளை விழுந்திட்டான். எடுத்திட்டம், மூச்சு இருக்கு, கண் முழிக்கிறான் இல்லை. அம்புலன்ஸைக் கூப்பிடு." அதோடு குரல் அறுந்தது.

சிவகுமார் அம்புலன்ஸுக்கு அடித்துவிட்டு, "ஆர் உந்த வீட்டுப்பூனை?" என்று வெளியே வந்து கேட்டார். அன்று கடலுக்குப் போகாமல் வாசலில் நின்ற வேறு இரண்டு கடற்காரர் மணலைப் பார்த்தார்கள். அவர்களுக்குத் தெரியும். ஆனால் அதை அவர் மனைவிக்கு முன்னால் யார் சொல்வது?

"ஆரெண்டு சொல்லுங்கோவன்," என்றார் கலா. ஒருவர் சாரத்தை அவிழ்த்துத் திரும்பக் கட்டினார். கலா என் கையிலிருந்த கொப்பியைப் பார்த்தார். பிறகு என் முகத்தைப் பார்த்தார்.

எனக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமல்ல. அந்த ஆண்கள் மேல், அந்த வழக்கத்தின் மேல், எல்லாவற்றுக்கும் மேலாகச் சத்தியம் பண்ணிய என் வாயின் மேல். "உங்கடை அவர்தான் கலா," என்றேன்.

அவர் அழவில்லை. "ஏன் அந்தப் பேர்?" என்றார். கொப்பியைத் திறந்து, சம்மாட்டி சொன்னதை ஒரு சொல் விடாமல் வாசித்தேன். கலா கேட்டு முடித்துவிட்டு, நேரே தண்ணீருக்குள் முழங்கால்வரை இறங்கி நின்றார். அப்படியே ஒரு மணித்தியாலத்துக்கு மேல் நின்றார். நான் கூப்பிட்டும் கரைக்கு வரவில்லை.

8.55. படகு கரை தட்டியது. நகுலனைத் தூக்கி மணலில் கிடத்தினார்கள். நெற்றியில் ரத்தம், முகம் வெளிறியிருந்தது. அம்புலன்ஸ்காரர் பலகையோடு ஓடிவருவதற்குள் கலா குனிந்து அவருடைய கன்னத்தைத் தட்டினார்.

"வீட்டுப்பூனை," என்றார், எல்லாருக்கும் கேட்க. "கண்ணைத் திறவுங்கோ. புட்டும் மீன்குழம்பும் வைச்சிருக்கு."

சம்மாட்டியும் கோயில்மணியும் திகைத்து நின்றார்கள். நகுலனின் இமை அசைந்தது. கண் மெல்லத் திறந்து மனைவியைப் பார்த்தது. பிறகு அவருக்குப் பின்னால் நின்ற என்னிடம் வந்தது.

"சொல்லிப்போட்டியள் என்ன, அக்கா," என்றார்.

நான் அந்த இடத்திலேயே குந்தியிருந்து அழுதேன்.

மாலையில் ஆஸ்பத்திரியில், பயப்பட ஒன்றுமில்லை என்று டொக்டர் சொன்ன பிறகுதான் பேருந்து ஏறினேன். இருக்கை கிடைத்தும் கொப்பியைத் திறக்க மனம் வரவில்லை. இணுவிலில் இருட்டுப்படும் நேரம் என் கணவர் கதவைத் திறந்தார். இருபத்திரண்டு வருடமாக நானும் அவரை 'இஞ்சாருங்கோ' என்றுதான் கூப்பிடுகிறேன். செருப்பைக்கூடக் கழற்றாமல் கேட்டேன்:

"உங்களுக்கு வெளியிலை என்ன பேர்?"

அவர் முகம் மாறியது. "ஆர் உமக்குச் சொன்னது?" என்றார்.