பால்குடத்துக்கு நெய்த கதவு

நடந்தது இதுதான்:

1. மலேசியாவில், எங்கள் ஈப்போ நகரில் ஒரு பழைய புத்தகக் கடையில், அட்டை கிழிந்த ஆங்கிலப் புத்தகம் ஒன்று வாங்கினேன். துணிக்குள் மந்திரத்தை நெய்வது பற்றிய ஆராய்ச்சி நூல்.
2. அதன் ஏழாம் அத்தியாயத்தைப் பார்த்து ஒரு மஞ்சள் துணி நெய்தேன்.
3. தைப்பூசத்தன்று காலை, அக்காவின் பால்குடத்தின் வாயில் கட்ட அதைக் கொண்டுபோனேன்.
4. ஊர்வலம் கிளம்பக் கால் மணி நேரம் இருந்தபோது, மந்திரத்தை ஒருவர் கத்தரித்துவிட்டார்.

ஈப்போவை அடுத்த லகாட்டில் ரப்பர் கையுறை செய்யும் தொழிற்சாலையில் தரச் சோதனை என் வேலை. கையுறைக்குள் தண்ணீர் ஊற்றித் தொங்கவிட்டு ஒழுகுகிறதா என்று பார்ப்பேன். அப்படிப்பட்டவளுக்கு மந்திரப் புத்தகம் எதற்கு? அது மந்திரப் புத்தகம் மாதிரியே எழுதப்படவில்லை. அட்டவணைகள், கட்டம் போட்ட நெசவு வரைபடங்கள், பக்கத்துக்குப் பத்து அடிக்குறிப்புகள். எங்கள் இயந்திரக் கையேடுகூட அவ்வளவு தெளிவில்லை. கடையில் நின்றபடியே நாற்பது பக்கம் படித்தேன். வீட்டுக்கு வந்ததும் பிவிசி குழாய்களை அறுத்து ஒரு சின்னத் தறி கட்டினேன். முதல் வரி நேராக விழுந்தபோது கைதட்டிக்கொண்டேன்.

ஏழாம் அத்தியாயம் 'சிந்தாமை' பற்றியது. நூலை நெருக்கி நெய்ய வேண்டும். ஓரத்தில் ஒரே ஒரு நூலை மட்டும் விரல் நீளத்துக்கு நெய்யாமல் விட வேண்டும். அதுதான் கதவு. மந்திரம் அது வழியாகத்தான் உள்ளே வரும்.

இது அக்காவுக்கு வேண்டியிருந்தது. போன வருடம் புந்தோங் கோயிலிலிருந்து கிளம்பிப் பாதி வழியில் முட்டி மடங்கி விழுந்தாள். பால் முழுக்கத் தார்ச்சாலையில். "இந்த வருசமும் சிந்துனா இனிமே எடுக்கவே மாட்டேன்டி," என்று சொல்லியிருந்தாள். கதவு நூலைக் காட்டியதும் அவள் முகம் தெளிந்தது. புத்தகத்தில் இருக்கிறதல்லவா!

கோயில் வாசலில் பக்கத்து வீட்டு ஆன்ட்டி வந்தார். தையல் ஃபேக்டரியில் பல வருடம் நூல் வெட்டும் வேலை பார்த்தவர். கைப்பையில் கத்தரி இல்லாமல் வெளியே போகமாட்டார். பஸ்ஸில் முன்னால் இருப்பவரின் சட்டையில் நூல் தொங்கினால்கூட விடமாட்டார்.

"நெசவு அழகா இருக்கு. ஃபினிஷிங்ல கோட்டை விட்டுட்டியே லா," என்றார். கச்சக்.

அக்கா வெளிறிப்போனாள். "கதவ வெட்டிட்டாங்கடி."

"எந்தக் கதவு? நூலுதானே வெட்டினேன்!"

அக்கா குடத்தைக் கீழே வைத்துவிட்டாள். "நான் வரல."

இரண்டு வாரமாக நான் சொல்லாமல் வைத்திருந்ததைச் சொல்ல வேண்டியதாயிற்று. "அக்கா, அந்தப் புத்தகம் முழுக்கக் கற்பனை. அடிக்குறிப்புல இருக்கிற எல்லாப் புத்தகத்தையும் தேடிப் பார்த்தேன். ஒண்ணுகூட உலகத்துல இல்ல. எழுதினவங்க விளையாடியிருக்காங்க."

"அப்ப என்னை ஏமாத்தினியா?"

"புத்தகம் பொய். துணி பொய்யில்ல. பருத்தி நனைஞ்சா உப்பும், இடைவெளி அடையும். குடத்துல தண்ணி ஊத்திக் கட்டி, சாய்ச்சு, ஹால்ல இருபது சுத்து நடந்தேன். கையுறைக்குப் பண்றதைவிட அதிகமாவே சோதிச்சிட்டேன்."

அக்கா என்னை முறைத்தாள். துணியைத் தண்ணீரில் நனைத்துப் பிழிந்து, குடத்தின் வாயில் தானே இறுக்கிக் கட்டினாள். குடத்தை எடுத்து, பால் துணியைத் தொடும்வரை சாய்த்தாள். மஞ்சள் துணியில் பால் லேசாக வெளுத்துத் தெரிந்தது. ஒரு சொட்டு வந்து, விழாமல் நின்றது.

ஆன்ட்டி குனிந்து பார்த்தார். "பாஸ் லா!"

அக்கா சிரித்துவிட்டாள். "மவளே, திரும்பி வந்து உன்னைக் கவனிச்சுக்கிறேன்," என்று குடத்தைத் தலையில் ஏற்றினாள்.

போன வருடம் விழுந்த அதே திருப்பத்தில் முட்டி மறுபடி மடங்கியது. குடம் சாய்ந்தது. நான் ஒரு தோளையும் ஆன்ட்டி ஒரு தோளையும் பிடித்தோம். பால் துணியில் மோதித் திரும்பியது. ஊர்வலம் முடியும் மலையடிவாரக் கோயிலில் அது முருகன் மேல் பொழிந்தபோது அக்காவைவிட நான்தான் பெரிதாகக் கத்தினேன்.

இப்போது நிலவரம்: அக்காவின் முட்டி இன்னும் வலிக்கிறது. துணி துவைத்து அவள் அலமாரியில் இருக்கிறது. அடுத்த வருடமும் பால்குடம் எடுப்பதாகச் சொல்லிவிட்டாள். புத்தகம் அவளிடம்தான், மூன்றாம் அத்தியாயம் படிக்கிறாளாம், திருப்பித் தரவில்லை.