யாருக்கும் கேட்காத இடி

பிள்ளைகளா, சித்திரைப் பொங்கலுக்கு ஊருக்கு வந்திருந்த ஒரு பெரியவரைப் பார்த்து நீங்கள் இரண்டு பேரும் "இடி மாமா" என்று கூப்பிட்டுவிட்டுச் சிரித்தீர்கள். அவர் திரும்பிப் பார்த்தார், கையை ஆட்டினார், போய்விட்டார். அந்தப் பேர் எங்கே பிடித்தீர்கள் என்று கேட்டேன். டீக்கடையில் எல்லாரும் அப்படித்தான் சொல்கிறார்கள் என்றீர்கள். ஏன் சொல்கிறார்கள் என்று கேட்டேன். உங்களுக்குத் தெரியவில்லை. அதற்காகத்தான் எழுதுகிறேன். பத்தாவதோடு நின்றவன் எழுதுவது, முன்னே பின்னே இருக்கும்.

உங்களுக்குத் தெரிந்த பேட்ஸ்மேன்கள் எல்லாம் டிவியில் வருகிறவர்கள். எனக்கும் அவர்களைத் தெரியும். பிரஸ்ஸில் கட்டிங் மிஷினில் நிற்கிறவன் கை படாத பேட்ஸ்மேன் யார்? நோட்டு அட்டையில், பட்டாசுப் பெட்டி லேபிளில், போஸ்டரில் என்று எத்தனை பேரை அளவு பார்த்து வெட்டியிருக்கிறேன். ஹெல்மெட் இல்லாமல் ஆடிய பழைய ஆள், சதம் அடித்துவிட்டு வானத்தைப் பார்க்கிற ஆள், மீசையை மட்டும் வைத்தே அடையாளம் சொல்லக்கூடிய ஆள். ஆனால் நான் இருபத்திரண்டு கஜ தூரத்தில் நின்று பார்த்த பெரிய பேட்ஸ்மேன் ஒருத்தர்தான். நீங்கள் சிரித்தது அவரைப் பார்த்து.

அப்போது அவர் நம் எம். புதுப்பட்டிப் பக்கம் ஒரு பட்டாசுக் கம்பெனியில் மருந்து ரூமில் வேலை பார்த்தார். வெடிமருந்து கலக்கிற அந்த ரூம் தனியாக நிற்கும், சின்னதாக இருக்கும், எந்தப் பக்கம் பார்த்தாலும் கதவாக இருக்கும். உள்ளே செருப்பு கிடையாது. உரசினால் பற்றிக்கொள்ளும், அதனால் எதையும் தட்டக் கூடாது, தரையில் இழுக்கக் கூடாது. அந்தப் பழக்கத்தோடுதான் அவர் மட்டை பிடித்தார். மற்றவர்கள் பந்துக்குக் காத்திருக்கும்போது மட்டையால் தரையைத் தட்டுவார்கள். அவர் ஒரு தடவைகூடத் தட்டி நான் பார்த்ததில்லை. மட்டை தரைக்கு மேலே அந்தரத்தில் அப்படியே நிற்கும். கரிசல் மண்ணில் வெறுங்காலோடு நிற்பார். ரன் ஓடும்போதுகூட வேகமாக நடக்கிற மாதிரிதான் இருக்கும். எதிரே நிற்கிற நான் தவித்துப்போவேன். ஆனால் பந்து மட்டையில் பட்டால் சத்தமே வராது, பவுலரைத் தாண்டிப் போய்க்கொண்டே இருக்கும். பக்கத்து ஊர்க்காரர்கள் அவர் ஆடுவதைப் பார்க்கவே லோடு வேனில் வருவார்கள்.

அந்த வருஷம் சித்திரை லீவில் பைனல். எதிர் டீம் சாத்தூர்ப் பக்கத்துக் கம்பெனி ஒன்று வைத்திருந்த டீம். கடைசி ஓவர். கொஞ்ச ரன்தான் வேண்டும், அவர் இருக்கிறார், நான் இந்தப் பக்கம் நிற்கிறேன். மெதுவாகப் போடுகிற பவுலர், கீப்பர் ஸ்டம்புக்குப் பக்கத்திலேயே நின்றான். பந்து கையை விட்டு வந்தது. அவர் பந்தைப் பார்க்கவில்லை. தலையைத் தூக்கினார், மட்டையைத் தொங்கவிட்டார், கோட்டைத் தாண்டி வெளியே நடந்தார். பந்தை நோக்கி இறங்கினார் என்றாலும் ஒத்துக்கொள்ளலாம். கோட்டைத் தாண்டியதும் பக்கவாட்டில் திரும்பி நடந்தார். வேலை முடிந்து வீட்டுக்குப் போகிற மாதிரி. கீப்பர் ஒரு விநாடி திகைத்துவிட்டுத்தான் ஸ்டம்பைத் தட்டினான். அடுத்து வந்தவர் வந்த வேகத்தில் போல்டு. கோப்பை போனது.

என்ன அண்ணாச்சி என்று ஓடிப்போய்க் கேட்டேன். "இடி இடிச்சுச்சுல்ல" என்றார். அவ்வளவுதான் சொன்னார்.

இங்கேதான் நீங்கள் ஒன்றைப் புரிந்துகொள்ள வேண்டும். வேறு ஊராக இருந்தால் இடிக்கும் அவுட்டுக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்பார்கள். நம் ஊரில் கேட்க மாட்டார்கள். மின்னல் விழுந்தால் ரூமே வெடித்துவிடும், அதனால் இடிச் சத்தம் கேட்டால் மருந்து ரூமில் இருக்கிறவர் கையில் இருப்பதை அங்கேயே வைத்துவிட்டு வெளியே வந்துவிட வேண்டும். போர்மேன் கூப்பிடட்டும் என்று உட்கார்ந்திருக்கக் கூடாது. அப்படிப் பழகிய உடம்பு தானாக எழுந்துவிடும் என்று இங்கே எல்லாருக்கும் தெரியும். அதனால்தான் சந்தேகம் இன்னும் கெட்டியானது. இந்தப் பக்கத்தில் யாருமே மறுத்துப் பேச முடியாத காரணமாகப் பார்த்து எடுத்திருக்கிறான் என்றார்கள். ஏனென்றால் இடியை வேறு யாரும் கேட்கவில்லை. மேற்கே மலைப் பக்கம் கொஞ்சம் கருத்திருந்தது, அது எல்லாச் சித்திரையிலும் கருக்கும். மழை வரவில்லை.

எல்லாரும் என்னிடம்தான் வந்தார்கள். நீ எதிரே நின்றாயே, உனக்குக் கேட்டதா? எனக்குக் கேட்கவில்லை. கேட்கவில்லை என்றுதான் சொன்னேன், அது உண்மை. பெரிய கிரிக்கெட்டிலேயே ஆட்டக்காரர்கள் விலை போகிறார்கள் என்று பேப்பரில் வந்து, யார் அவுட் ஆனாலும் ஒரு மாதிரியாகப் பார்க்கிற காலம் அது. போதாததற்கு, அடுத்த மாதமே அவர் அந்த எதிர் டீம் கம்பெனியில் போர்மேனாகச் சேர்ந்தார். குடும்பத்தோடு அந்தப் பக்கமே குடிபோய்விட்டார். பிறகு யாருக்கு என்ன சாட்சி வேண்டும்? டீக்கடையில் "இடி" என்று பேர் வைத்தார்கள். பேர் அங்கேயும் போய், மகன் பள்ளிக்கூடத்தில் இடி மகன் ஆனான். இப்போது உங்கள் வாய்க்கும் வந்துவிட்டது.

போன வருஷம் நம் டோர்னமெண்ட் கமிட்டி ஒரு காலண்டர் போட நினைத்தது. மாதத்துக்கு ஒரு தாள், தாளுக்கு ஒரு பேட்ஸ்மேன், எல்லாரும் நம் மைதானத்தில் ஆடியவர்கள். பிரஸ்ஸில் இருப்பதால் வேலை என் தலையில். பதினோரு பேர் சண்டையில்லாமல் முடிவானார்கள். ஒரு இடத்துக்கு நான் அவர் பேரைச் சொன்னேன். கமிட்டிச் செயலாளர் நம் டீக்கடைக்காரர்தான். அவர் டம்ளரைக் கழுவுவதை நிறுத்தினார்.

"அவம் படத்தப் போட்டா எங்கடையில மாட்ட மாட்டேன்."

"காலண்டருக்கு அடியில உங்க கடை விளம்பரம்தான வருது?"

"அடிய மட்டும் வெட்டி மாட்டிக்கிருவேன். நீதான் கட்டிங் மிஷினுல இருக்கியே."

எல்லாரும் சிரித்தார்கள். கடைசியில் ஒரு முடிவுக்கு வந்தார்கள். நான் போய் அவரிடமே கேட்க வேண்டும். இனிமேலாவது உண்மையைச் சொன்னால் படம் உண்டு. இல்லாவிட்டால் அந்த மாதத்துக்கு மைதானத்தின் படம். டீக்கடைக்காரர் என் போனில் ஒரு இடிச் சத்தத்தையும் ஏற்றிக்கொடுத்தார். பேசிக்கொண்டிருக்கும்போது சட்டென்று போடு, எழுந்து வெளியே ஓடுகிறானா பார் என்றார்.

ஞாயிற்றுக்கிழமை மதியம் சாத்தூர்ப் பக்கம் அவர் வீட்டுக்குப் போனேன். வாசலை ஒட்டி பைக்கை நிறுத்தினேன். அவர் வெளியே வந்தார், வாப்பா என்றார், முதல் வேலையாக என் பைக்கைத் தள்ளிக்கொண்டுபோய்ப் பக்கத்துச் சந்தில் நிறுத்தினார். நான் வந்திருப்பது தெருவுக்குத் தெரியக் கூடாது என்று நினைக்கிறார் போல என்று பட்டது. எனக்கு உள்ளே நாற்காலி போட்டார். அவர் கதவைப் பார்த்தபடி உட்கார்ந்தார். பேசும்போது அவர் கண் என் தோளைத் தாண்டி வாசலுக்கே போய்க்கொண்டிருந்தது. யாரை எதிர்பார்க்கிறார் என்று நானும் இரண்டு தடவை திரும்பிப் பார்த்தேன். ஒருவரும் வரவில்லை. பேரனுடைய மட்டைக்குச் சைக்கிள் டியூப்பை வெட்டிப் பிடி சுற்றிக்கொண்டிருந்தார். கை நிதானமாக இருந்தது. இவ்வளவு நிதானம் எதற்கு என்று அதிலும் எனக்குச் சந்தேகம்.

காலண்டர் விஷயத்தைச் சொன்னேன். பிறகு கேட்டேவிட்டேன்.

"அன்னைக்கு நெசமாவே இடி இடிச்சுச்சா அண்ணாச்சி?"

"நீதான எதுத்தாப்புல நின்ன. நீ சொல்லு."

"எனக்குக் கேக்கல."

"அப்ப அம்புட்டுத்தான். ஊரு உன்னையத்தான நம்புது."

கோபமா, நழுவலா, பிடிபடவில்லை. போர்மேன் வேலையைப் பற்றிக் கேட்டேன். அதை எப்போது பேசினார்கள், மேட்சுக்குப் பிறகா? டியூப்பை இழுத்துக்கொண்டிருந்த கை நின்றது.

"முன்னாடியே பேசுனாக" என்றார். "பைனலுக்கு முன்னாடி."

ஊரில் யாரும் இதைக் கேட்டுச் சொன்னதில்லை. பிறகு என்று சொல்லியிருந்தால் நான் நம்பியிருப்பேன்.

"அப்பறம் எப்படி அண்ணாச்சி..."

"எப்படின்னா? நல்லா ஆடுறேன்னுதான கூப்புட்டாக. தோத்தாத்தான் வேலைன்னு எவனும் சொல்லல. ரூமுக்குள்ள உக்காந்து உக்காந்து எனக்குப் பயம் வந்துருச்சுப்பா. வெளிய நிக்கிற வேலைன்னாக. சரின்னேன்."

அவர் மனைவி காபி கொண்டுவந்து கொடுத்தார். நாங்கள் பேசியது எல்லாம் அவருக்குக் கேட்டிருக்கிறது.

"தம்பி, நீங்க கேட்டுச்சா கேட்டுச்சான்னு கேக்கீக. மருந்து ரூமுல இருந்தவுக சத்தத்தக் கேட்டுட்டு வெளிய வர மாட்டாக. வெளிய வந்து நின்னுக்கிட்டுத்தான், என்ன சத்தம்னு கேப்பாக. கேட்டுட்டு வரலாம்னு இருந்தவுகள்லாம் இன்னைக்கு இல்ல."

அண்ணாச்சி மனைவியைப் பார்த்து, சும்மா இரு என்கிற மாதிரி கையைக் காட்டினார். போன் என் சட்டைப் பையில் இருந்தது. எடுக்கவில்லை. எடுக்கலாமா என்று ஒரு தடவை பையைத் தொட்டேன், அவர் அதையும் பார்த்துவிட்டார் என்று நினைக்கிறேன். கிளம்பும்போதுதான் வீட்டைச் சரியாகக் கவனித்தேன். இருந்த இரண்டு கதவும் வெளிப்பக்கமாகத் திறந்தன. கதவு வழியில் ஒரு செருப்பு இல்லை, குடம் இல்லை. பேரனுடைய சைக்கிளும் என் பைக்குக்குப் பக்கத்தில் சந்தில்தான் நின்றது. வழியை மறித்து எதுவும் இருக்கக் கூடாது, அவ்வளவுதான். நான் வேறு என்னென்னவோ கணக்குப் போட்டிருந்தேன்.

வருகிற வழியில் மைதானத்தில் இறங்கி, அன்றைக்கு நான் நின்ற பக்கம் போய் நின்றேன். எனக்குப் பின்னால் வேப்பமரம். அந்த மரத்தில்தான் அப்போது குழாய் ஸ்பீக்கரைக் கட்டுவார்கள். கடைசி ஓவரில் மைக்கில் பேசுகிறவர் ஓயாமல் கத்திக்கொண்டிருந்தார், அது என் காதுக்குள்தான் கத்தியது. இதை இத்தனை வருஷத்தில் நான் ஒரு தடவைகூட யோசிக்கவில்லை, யாரும் என்னிடம் கேட்கவும் இல்லை. அவர் நின்ற பக்கம் மேற்கு. மலை அந்தப் பக்கம்.

கமிட்டியில் எல்லாவற்றையும் சொன்னேன். வேலையை முன்னாலேயே பேசினார்கள் என்பதைச் சொன்னேன். ஸ்பீக்கர் என் பின்னால் இருந்தது என்பதையும் சொன்னேன். எனக்குக் கேட்கவில்லை என்று நான் சொன்னது என் காதைப் பற்றி மட்டும்தான், வானத்தைப் பற்றி இல்லை என்றேன். முதல் விஷயத்தைக் கேட்டதும் டீக்கடைக்காரர், பார்த்தீகளா, அவன் வாயாலேயே வந்துவிட்டது என்றார். மற்றவர்களுக்கு அப்படிப் படவில்லை. கேட்காமல் விட்டால் தெரிந்தே இருக்காத ஒன்றை அவரே சொல்கிறார், விலை போனவன் அப்படிச் சொல்வானா என்றார் ஒருவர். அதையும் யோசித்துத்தான் சொல்லியிருப்பான் என்றார் டீக்கடைக்காரர். அவர் சொன்னது எனக்கும் தோன்றியதுதான், அதை மறைக்க மாட்டேன். கடைசியில் கைதூக்கினார்கள். படம் போடுவது என்றானது. மே மாதத் தாளில் போட்டோம். மட்டை தரையைத் தொடாமல் அந்தரத்தில் நிற்கிற படம். லேபிள் வெட்டுகிறதைவிட நிதானமாக வெட்டினேன்.

அவர் விற்றாரா, இடி இடித்ததா? உங்களுக்கு நான் சத்தியம் பண்ணிச் சொல்ல முடியாது. அவருக்கு ஒன்று தெரியும், எனக்கு ஒன்று கேட்கவில்லை, அவ்வளவுதான் கையில் இருக்கிறது. அதை வைத்துக்கொண்டு ஒரு மனுஷனுக்குப் பேர் வைக்க முடியாது. நீங்கள் இனிமேல் அவரைப் பார்த்தால் பெரியப்பா என்று கூப்பிடுங்கள். அவர் எப்படி நின்று ஆடுவார் என்று என்னிடம் கேளுங்கள், நின்று காட்டுகிறேன்.

டீக்கடைக்காரர் காலண்டரைக் கடையில் மாட்டத்தான் செய்தார், அடியில் அவர் விளம்பரம் இருக்கிறதே. ஆனால் மே பிறந்தும் அங்கே ஏப்ரல்தான் தொங்கியது. தேதி பார்க்கிறவர்கள் விரலை மடக்கிக் கணக்குப் போட்டுக்கொண்டார்கள்.

இன்று காலை ஷிப்டுக்குப் போகும் முன் டீ குடிக்கப் போனேன். அடுப்பில் வெந்நீர் கொதித்தது. அவர் பால் எடுக்கப் பின்கட்டுக்குப் போயிருந்தார், வேறு ஆளே இல்லை. பெஞ்சில் ஏறி, ஓரம் கிழியாமல் ஏப்ரல் தாளை எடுத்தேன். நாலாக மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு, இறங்கி உட்கார்ந்தேன்.