பென்சிலால் அடித்த இரண்டு பக்கங்கள்

கிழக்குத் தாம்பரத்தில் எங்கள் ஃபிளாட்டுக்கு மேல்மாடியில் ஃபிலிப்பைன்ஸ்கார அக்கா ஒருவர் இருந்தார். சிங்கப்பூரில் வேலை பார்த்தபோது தாம்பரத்து முஸ்லிம் வியாபாரி ஒருவரைக் கல்யாணம் செய்துகொண்டு வந்தவர். தமிழ் மாமியாரிடம் கற்றது. நான் டிவி சீரியலுக்கு வசனம் எழுதுகிறவள் என்று தெரிந்ததும், தன் அப்பா மணிலாவில் திரைக்கதை எழுதியவர் என்றார்.

இரண்டாம் உலகப் போரின்போது அங்கே சினிமா நின்றுபோக, அந்த மனிதர் மேடை நாடகம் எழுதிப் பிழைத்திருக்கிறார். போர் முடிந்தபோது நகரமே இடிந்து கிடந்தது. அவர் இடிந்த தேவாலயத்தையே செட்டாக நினைத்துக் கதை எழுதினார். பிலிம் கிடைப்பது அரிது என்பதால் படப்பிடிப்பிலேயே நின்று காட்சிகளைச் சுருக்கிக் கொடுப்பதும் அவர் வேலை.

அவர் எழுதியதில் ஒரே ஒரு படம் அக்காவிடம் சிடியில் இருந்தது. என் மூலம் கேள்விப்பட்டு, பொத்தேரி கல்லூரி மாணவர்கள் அதைத் திரையிடக் கேட்டார்கள். சப்டைட்டில் கிடையாது. அக்கா அர்த்தம் சொல்வது, நான் தமிழில் எழுதி மைக்கில் வாசிப்பது என்று முடிவாயிற்று.

ஒரு காட்சியில்தான் தகராறு. செத்துவிட்டதாக நினைத்த கணவன் போரிலிருந்து திரும்பி வருகிறான். மனைவி ஒன்றும் பேசாமல் அவன் சட்டையை வாங்கித் துவைக்கப் போகிறாள். அக்கா வைத்திருந்த திரைக்கதையின் டைப் பிரதியிலோ அந்த இடத்தில் இரண்டு பக்க வசனம். மொத்தத்தையும் பென்சிலால் அடித்திருந்தார்கள்.

"டைரக்டர் வெட்டிட்டாராம். அம்மாவுக்குக் கடைசி வரைக்கும் மனசு ஆறல. நீ அங்க இதைப் படிச்சிடு" என்றார் அக்கா.

எனக்கு அவர் மொழி தெரியாது. அடித்தல் திருத்தல் தெரியும். ஓரத்தில் பென்சிலில் இருந்த ஒற்றை வரி என்னவென்று கேட்டேன். அவள் சட்டையை வாங்குகிறாள் என்று எழுதியிருப்பதாகச் சொன்னார். அப்பாவின் கடிதம் ஒன்றைக் கொண்டுவரச் சொல்லிப் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். இரண்டும் ஒரே கையெழுத்து.

"அக்கா, வெட்டினது உங்க அப்பாதான்."

யாராவது வற்புறுத்தியிருப்பார்கள் என்றார். இருக்கலாம். வெட்டச் சொல்ல யாராலும் முடியும், எனக்கும் தினம் சொல்கிறார்கள். ஆனால் அந்தச் சட்டையைக் கண்டுபிடித்தது எழுத்தாளர்தான் என்றேன். சொல்லும்போது எனக்குத் துளி சந்தேகம் இல்லை. அக்கா கடிதத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, படிக்க வேண்டாம் என்றார்.

திரையிட்ட அன்று அந்தக் காட்சி வந்ததும் மைக்கை அணைத்தேன். படம் முடிந்ததும் ஒரு மாணவி, மைக் நின்ற காட்சியில் அந்த மனைவி ஏதாவது சொன்னாளா என்று கேட்டாள். அக்கா எழுந்தார்.

"ஒண்ணும் சொல்லல. எங்க அப்பா அப்படித்தான் எழுதினார்."

அதன்பின் கேள்விகள் வந்துகொண்டே இருந்தன. அக்கா எல்லாவற்றுக்கும் தமிழிலேயே பதில் சொன்னார். வார்த்தை கிடைக்காமல் அவர் நின்ற இடங்களில்கூட நான் எடுத்துக் கொடுக்கவில்லை. அவரே கண்டுபிடித்துக்கொண்டார்.